சொந்த உடம்பையே எதிரின்னு நினைச்சா: தன்னுடல் தாக்கு நோய்கள்

 

கொஞ்ச நாளா ஒரே மாதிரி மெசேஜ் நிறைய வருது. "தைராய்டு டெஸ்ட் எடுத்தேன், ஆட்டோஇம்யூன்னு சொல்றாங்க, அப்படின்னா என்ன?" "அக்காவுக்கு லூபஸாம், அது கேன்சர் மாதிரியா?" "எனக்கு எதிர்ப்பு சக்தி கம்மியா இருக்குறதாலதான் இது வந்துச்சா?" இந்த மூணாவது கேள்விக்காகவே ஒரு எபிசோட் பண்ணணும்னு தோணுச்சு. ஏன்னா அந்தக் கேள்விக்குள்ள இருக்கிற தவறான புரிதல் சில பேரை ஆஸ்பத்திரில கொண்டு போய் படுக்க வைக்குது.

முதல்லயே சொல்லிடறேன், நான் டாக்டர் இல்ல. கோட் எழுதிப் பொழைக்கிறவன். அதனால இந்த நோய் எப்படி வேலை செய்யுதுன்னு புரிய வைக்கிறதுதான் இன்னைக்கு என் வேலை. உங்களுக்கு எந்த மாத்திரைன்னு உங்க டாக்டர்தான் சொல்லணும்.

ஆன்டிவைரஸ் செஞ்ச வேலை

2010 ஏப்ரல் 21. மெக்காஃபி ஆன்டிவைரஸ் கம்பெனி வழக்கம்போல ஒரு அப்டேட் விட்டாங்க. விண்டோஸ் எக்ஸ்பில எஸ்விசிஹோஸ்ட்னு ஒரு ஃபைல் உண்டு. அது இல்லாம விண்டோஸே ஓடாது. அந்த அப்டேட் இந்த ஃபைலை வைரஸ்னு முடிவு பண்ணிடுச்சு. உலகம் முழுக்க கம்ப்யூட்டர்கள் ரீஸ்டார்ட் ஆகி, திரும்ப ரீஸ்டார்ட் ஆகி, நெட்வொர்க் இல்லாம நின்னு போச்சு. மருத்துவமனை, பல்கலைக்கழகம், சூப்பர் மார்க்கெட் பில்லிங் கவுன்ட்டர் வரைக்கும் அடி வாங்கினாங்க.

இதுல கவனிங்க. அந்தக் கம்ப்யூட்டர்கள்ல வைரஸ் இல்ல. ஆன்டிவைரஸ் பலவீனமாவும் இல்ல. அது முழு பலத்தோட, ரொம்ப திறமையா வேலை செஞ்சுது. அடையாளம்தான் தப்பு. எதிரி யாரு, சொந்தம் யாருங்கிற பட்டியல்ல ஒரு பிழை. ஆட்டோஇம்யூன் நோய்னா அடிப்படையில இதுதான். எதிர்ப்பு சக்தி குறைஞ்சதால வர்ற நோய் இல்ல இது. இருக்கிற எதிர்ப்பு சக்தி தப்பான இடத்துல திரும்புறதால வர்றது.

ஆனா இந்த உவமை ஒரு இடத்துல உடைஞ்சு போகும். கம்ப்யூட்டர்ல அந்த ஃபைலைத் திரும்பப் போட்டா சரியாயிடும். கணையத்துல அழிஞ்சு போன செல்லை அப்படித் திரும்பப் போட முடியாது. அதனாலதான் சீக்கிரம் கண்டுபிடிக்கிறது இங்க அவ்வளவு முக்கியம். அதுக்கு அப்புறம் வரேன்.

இந்த விஷயத்தை மருத்துவ உலகமே ரொம்ப நாள் நம்பல. 1900களோட தொடக்கத்துல ஜெர்மனியைச் சேர்ந்த பால் எர்லிக், நோயெதிர்ப்பு ஆராய்ச்சில பெரிய ஆளு, உடம்பு தன்னையே தாக்கிக்கிறதை இயற்கை அனுமதிக்காதுங்கிற மாதிரி ஒரு கருத்தை வெச்சார். அவர் சொன்னா அப்பீல் ஏது? அரை நூற்றாண்டு ஓடிருச்சு. 1956ல அமெரிக்காவோட பஃபலோ நகரத்துல நோயல் ரோஸும் எர்ன்ஸ்ட் விடெப்ஸ்கியும், முயலோட சொந்த தைராய்டு சாறையே எடுத்து அதே முயலுக்கு ஊசியா போட்டு, அது தன்னோட தைராய்டையே தாக்குறதைக் காட்டினாங்க. அதே வருஷம் லண்டன்ல ஐவன் ராய்ட்டும் டெபோரா டோனியாக்கும் ஹஷிமோட்டோ நோயாளிகளோட ரத்தத்துல தைராய்டுக்கு எதிரான ஆன்டிபாடி இருக்குன்னு கண்டுபிடிச்சாங்க. ஹஷிமோட்டோங்கிறது 1912ல இந்த நோயை முதல்ல விவரிச்ச ஜப்பானிய டாக்டரோட பேரு. உங்க ரிப்போர்ட்ல இருக்கிற அந்தப் பேருக்கு நூறு வருஷத்துக்கு மேல வயசு.

இவ்வளவு பெரிய ரிஸ்க்கை உடம்பு ஏன் எடுக்குது?

நாளைக்கு எந்தக் கிருமி வரும்னு உடம்புக்குத் தெரியாது. அதனால அது எல்லாத்துக்கும் தயாரா இருக்கணும். எப்படின்னா, டி செல், பி செல்னு சொல்ற வெள்ளை அணுக்கள் தங்களோட ஜீன் துண்டுகளைச் சீட்டுக்கட்டு மாதிரி கலைச்சுப் போட்டு, ஒவ்வொண்ணும் ஒரு புது வடிவத்துல 'மூக்கு' செஞ்சுக்கும். கோடிக்கணக்கான வடிவம். இதைக் கண்டுபிடிச்ச சுசுமு டோனேகாவாவுக்கு 1987ல நோபல் கிடைச்சுது.

கலைச்சுப் போடுறதுல ஒரு சிக்கல் உண்டு. எதிர்பாராத கிருமிக்குப் பொருந்துற மூக்கு வர்ற மாதிரியே, சொந்த உடம்புக்குப் பொருந்துற மூக்கும் வந்துடும். அது பிழை இல்ல, அந்த முறையோட இயல்பே அதுதான். அதனால ரிலீஸுக்கு முன்னாடி டெஸ்டிங் வேணும்.

அந்த டெஸ்டிங் நடக்கிற இடம் தைமஸ். மார்பெலும்புக்குப் பின்னால, இதயத்துக்கு மேல இருக்கிற ஒரு சின்ன உறுப்பு. குழந்தைப் பருவத்துல பெருசா இருந்து, வயசாக ஆக சுருங்கிடும். டி செல்கள் இங்க வந்து பரீட்சை எழுதும். பெரும்பாலானது ஃபெயில். ஃபெயில்னா அரியர் எல்லாம் இல்ல, அங்கேயே சாவுதான். ஆச்சரியம் என்னன்னா, தைமஸ்ல இருந்துட்டே கணையத்தோட புரதம், கண்ணோட புரதம், தைராய்டோட புரதம்னு சாம்பிள் காட்டி டெஸ்ட் பண்ணும். அதைச் செய்ய வைக்கிறது 'ஏர்'னு ஒரு ஜீன். இந்த ஜீன்ல கோளாறோட பிறக்கிறவங்க சில பேர் உண்டு, ரொம்ப அபூர்வம். அவங்களுக்கு ஒரே நேரத்துல பல சுரப்பிகள் தாக்கப்படுது.

சரி, அந்த டெஸ்டையும் தாண்டி தப்பிச்சு வெளியே வந்துட்டா? நம்ம எல்லார் ரத்தத்துலயும் அப்படி தப்பிச்சு வந்த செல்கள் இப்பவும் சுத்திட்டுத்தான் இருக்கு. உங்களுக்கும் சரி, எனக்கும் சரி. ஆனாலும் பெரும்பாலான பேருக்கு நோய் வர்றதில்ல. ஏன்?

மலையில போனை ஆஃப் பண்ணி வெச்சவரு

இந்தக் கேள்விக்கான பதிலுக்குத்தான் 2025ஆம் ஆண்டு மருத்துவ நோபல் கிடைச்சுது. ஜப்பானோட ஷிமோன் சகாகுச்சி, அமெரிக்காவோட மேரி பிரன்கோ, ஃபிரெட் ராம்ஸ்டெல். பரிசு அறிவிச்சப்போ ராம்ஸ்டெல் மலைப் பகுதில ட்ரெக்கிங்ல இருந்தார், போன் ஏரோபிளேன் மோடு. நோபல் கமிட்டியால அவரைப் பிடிக்கவே முடியல. நம்ம ஆளுங்க ஆன்-கால் இருக்கும்போது இப்படி இருக்க முடியுமா சொல்லுங்க.

1995ல சகாகுச்சி ஒரு விஷயம் காட்டினார். டி செல்கள்ல ஒரு தனி வகை இருக்கு, அதோட வேலை தாக்குறது இல்ல, தாக்குற மத்த செல்களை அடக்குறது. தமிழ்ல ஒழுங்குபடுத்தும் டி செல்னு சொல்லலாம். அந்தக் காலத்துல பல விஞ்ஞானிகள் நம்பல. இன்னொரு பக்கம் பிரன்கோவும் ராம்ஸ்டெலும் ஒரு எலி வகையை ஆராய்ஞ்சாங்க. அதுல ஆண் குட்டிகள் தோல் உரிஞ்சு, சில வாரங்கள்லயே செத்துப் போகும். 2001ல அதுக்குக் காரணமான ஜீனைக் கண்டுபிடிச்சாங்க, பேரு ஃபாக்ஸ்-பி-3. அதே ஜீன் கெட்டுப் போனா மனுஷக் குழந்தைகளுக்கும் கடுமையான தன்னுடல் தாக்கு நோய் வருதுன்னும் காட்டினாங்க. அடுத்த இரண்டு வருஷத்துல ரெண்டு கதையும் ஒண்ணா சேர்ந்துச்சு. சகாகுச்சி சொன்ன அந்த அமைதிப்படை செல்கள் உருவாகுறதுக்கே இந்த ஜீன்தான் வேணும்.

ஆக, நம்ம ஆரோக்கியம் ரெண்டு கையில இருக்கு. ஒரு கை சண்டை போடுது, இன்னொரு கை சண்டையை நிறுத்துது. ரெண்டுமே எதிர்ப்பு சக்திதான்.

தாக்குறதுன்னா எப்படி?

80க்கும் மேற்பட்ட நோய்களை இந்தப் பட்டியல்ல சேர்க்கிறாங்க. பேரெல்லாம் மனப்பாடம் பண்ண வேண்டாம். நாலு விதமா கெடுதல் நடக்குதுன்னு புரிஞ்சா போதும்.

ஒண்ணு, அழிக்கிறது. டைப் 1 சர்க்கரை நோய்ல டி செல்கள் கணையத்துல இன்சுலின் சுரக்கிற செல்களை அழிச்சிடுது. ஸ்வீட் சாப்பிட்டதுக்கும் இதுக்கும் சம்பந்தமே இல்ல. குழந்தை திடீர்னு அடிக்கடி ஒண்ணுக்குப் போறது, தண்ணி தண்ணின்னு கேட்கிறது, எடை குறையறது, இந்த மூணும் சேர்ந்தா அன்னைக்கே சர்க்கரை பார்க்கணும். வெண்புள்ளியும் இதே மாதிரிதான், தோலுக்கு நிறம் தர்ற செல்கள் அழியுது. தொழுநோய்க்கும் அதுக்கும் ஒரு தொடர்பும் கிடையாது, தொட்டா ஒட்டாது. 'வெண்குஷ்டம்'ங்கிற வார்த்தையை இனிமே யார் சொன்னாலும் திருத்துங்க.

ரெண்டு, தடுக்கிறது. மயஸ்தீனியா கிராவிஸ்னு ஒரு நோய். நரம்பு தசைக்கு அனுப்புற சிக்னலை வாங்குற இடத்துல ஆன்டிபாடி போய் உட்கார்ந்துக்கும். தசையும் நல்லா இருக்கு, நரம்பும் நல்லா இருக்கு, மெசேஜ் மட்டும் டெலிவர் ஆகல. சாயங்காலம் ஆக ஆக கண் இமை தொங்கும், மெல்ல மெல்ல தாடை சோர்ந்து போகும்.

மூணு, தேவையில்லாம ஆன் பண்றது. கிரேவ்ஸ் நோய்ல ஆன்டிபாடி தைராய்டோட சுவிட்சுல சாவி மாதிரி பொருந்தி, அதை அழுத்திட்டே இருக்கும். மூளை "போதும்"னு சொன்னாலும் தைராய்டு சுரந்துட்டே இருக்கும். இதயம் படபடக்கும், கை நடுங்கும், எடை குறையும். பாருங்க, இங்க ஆரம்பத்துல ஒண்ணும் அழியல. அதே தைராய்டை ஹஷிமோட்டோல அழிக்குது, சுரப்பு குறையுது. ஒரே உறுப்பு, நேர் எதிர் விளைவு.

நாலு, குப்பை தேங்குறது. லூபஸ்ல நம்ம செல்லோட உட்கருவுல இருக்கிற பொருட்களுக்கு எதிரா, டி.என்.ஏ.வுக்கே எதிரா ஆன்டிபாடி உருவாகுது. ரெண்டும் சேர்ந்து கட்டி கட்டியா ரத்தத்துல மிதந்து, சிறுநீரகத்தோட வடிகட்டியில போய் அடைச்சுக்கும். அதனாலதான் லூபஸ் ஒரு இடத்து நோய் இல்ல. தோல், மூட்டு, சிறுநீரகம், மூளைன்னு எங்க வேணா வரும். பாடகி செலீனா கோமஸுக்கு 2017ல சிறுநீரக மாற்று ஆபரேஷன் நடந்தது இதனாலதான். நம்ம சென்னைப் பொண்ணு சமந்தா 2022 அக்டோபர்ல சொன்ன மயோசைட்டிஸும் இதே குடும்பம்தான், அங்க தசையில வீக்கம்.

இந்த எல்லாத்துலயும் பொதுவா ஒண்ணு இருக்கு, களைப்பு. தூங்கினா சரியாகிற களைப்பு இல்ல. காய்ச்சல் வந்தா படுத்துடணும்னு தோணுதில்ல? அது கிருமி செய்யிறது இல்ல. நம்ம எதிர்ப்பு செல்கள் சுரக்கிற ரசாயனங்கள் மூளைக்கு "படு"ன்னு சொல்றதால வர்றது. இந்த நோய்கள்ல அந்த ரசாயனம் மாசக்கணக்குல சுரந்துட்டே இருக்கு. அதனால "ஆள் பார்க்க நல்லாத்தானே இருக்க"ன்னு சொல்றதுக்கு முன்னாடி ஒரு நிமிஷம் யோசிங்க.

ஏன் எனக்கு?

இதுக்கு ஒரே வரி பதில் இல்ல. ஜீன் ஒரு காரணம், ஆனா முழுக் காரணம் இல்ல. அச்சு அசலா ஒரே ஜீன் இருக்கிற இரட்டையர்ல ஒருத்தருக்கு முடக்குவாதம் வந்தா, இன்னொருத்தருக்கும் வர்ற வாய்ப்பு 15 சதவீதத்தை ஒட்டித்தான் இருக்கு. மீதியை வாழ்க்கைதான் முடிவு பண்ணுது.

அந்த 'வாழ்க்கை'ல கிருமிகளுக்கும் பங்கு உண்டு. நம்ம நாட்டுக்கு ரொம்ப பழக்கமான உதாரணம் ருமாட்டிக் காய்ச்சல். குழந்தைக்கு ஸ்ட்ரெப்டோகாக்கஸ் பாக்டீரியாவால தொண்டை வலி வரும். அந்தக் கிருமியோட மேல்புரதம் இதயத்தோட சில புரதங்கள் மாதிரியே இருக்கும். கிருமிக்குன்னு தயாரான ஆயுதம், சில வாரம் கழிச்சு இதய வால்வுல பாயும். இந்தியாவுல இள வயசுலயே வால்வு கெட்டுப் போறதுக்கு இது இன்னமும் ஒரு பெரிய காரணம். ஆனா தொண்டை வலியிலேயே சரியான ஆன்டிபயாடிக் கொடுத்தா தடுத்துடலாம். ஒரு தடவை வந்துட்டாலும், 3 வாரத்துக்கோ 4 வாரத்துக்கோ ஒருமுறை பென்சிலின் ஊசி போட்டு வால்வைக் காப்பாத்த முடியும். வருஷக்கணக்குல போடணும். வலிக்குதுன்னு பாதில நிறுத்துறதுதான் ஆபத்து.

இன்னொண்ணு, 2022ல அமெரிக்க ராணுவத்துல சேர்ந்த 1 கோடிக்கும் அதிகமானவங்களோட தகவல்களை வெச்சு ஒரு ஆய்வு வந்துச்சு. எப்ஸ்டீன்-பார் வைரஸ் தொற்றுக்கு அப்புறம் மல்ட்டிபிள் ஸ்கிளிரோசிஸ் வர்ற வாய்ப்பு 32 மடங்கு கூடுதுன்னு காட்டினாங்க. ஆனா அந்த வைரஸ் பெரும்பாலான மனுஷங்களுக்கு எப்பவோ வந்து போனதுதான். அதனால அது மட்டும் காரணம்னு சொல்ல முடியாது. புகைப் பழக்கம் முடக்குவாதத்துக்கு வழி செய்யுது. வெயில் லூபஸைக் கிளறி விடும்.

இன்னொரு முக்கியமான கேள்வி, ஏன் பெண்களுக்கு அதிகம்? இந்த நோய் இருக்கிற 5 பேர்ல ஏறக்குறைய 4 பேர் பெண்கள். லூபஸ்ல 10க்கு 9. ஹார்மோன் ஒரு காரணம்னு ரொம்ப நாளா பேச்சு. 2024ல ஸ்டான்ஃபோர்டுல இருந்து இன்னொரு துப்பு கிடைச்சுது. பெண்களுக்கு ரெண்டு எக்ஸ் குரோமோசோம், அதுல ஒண்ணை அமைதியாக்கணும். அந்த வேலையைச் செய்யிற 'எக்ஸிஸ்ட்'ங்கிற ஆர்.என்.ஏ. நிறைய புரதங்களைத் தன்னோட ஒட்டி வெச்சுக்கும். அந்தக் கொத்தையே எதிரின்னு நினைச்சு ஆன்டிபாடி உருவாகலாம்னு எலிகள்ல காட்டினாங்க. இன்னும் முழு விடை இல்ல. ஆனா ஒண்ணு நிச்சயம். "பொண்ணுங்களுக்கு எப்பவும் ஏதாவது வலி இருக்கும்"ங்கிற பேச்சு இங்க ரொம்ப ஆபத்தானது.

11 மாசம்

என்கூட வேலை பார்க்கிற ஒரு தோழி. அவங்க அனுமதியோட சொல்றேன், பேர் வேண்டாம். 26 வயசு. காலைல எழுந்தா டூத்பேஸ்ட் மூடியைத் திறக்க முடியாது. விரல் மடங்காது. பத்து மணிக்கு மேல கொஞ்சம் சரியாகும். ஸ்டாண்ட்-அப் மீட்டிங்ல கேமராவை ஆஃப் பண்ணிட்டு, சூடு தண்ணி கப்பைக் கையில பிடிச்சுட்டே பேசுவாங்க. எங்களுக்கு யாருக்கும் தெரியாது.

முதல் டாக்டர் வலி மாத்திரை கொடுத்தார். ரெண்டாவது இடத்துல கால்சியமும் வைட்டமின் டியும். மூணாவது இடத்துல "ஐ.டி. வேலைல்ல, ஸ்ட்ரெஸ்தான்". வீட்டுல அத்தை, "கல்யாணம் ஆனா எல்லாம் சரியாயிடும்"னாங்க. இப்படியே 11 மாசம். கடைசியா ஒரு ருமாட்டாலஜிஸ்ட்கிட்ட போனப்போ, அவர் முதல்ல கேட்டது ஒரே கேள்வி: "காலைல எழுந்ததும் அந்த விறைப்பு எவ்வளவு நேரம் இருக்கும்மா?"

அந்தக் கேள்வியை நீங்களும் ஞாபகம் வெச்சுக்கோங்க. சாதாரண மூட்டு வலி ஓய்வு எடுத்தா குறையும், வேலை செஞ்சா கூடும். முடக்குவாதம் உல்டா. ஓய்வுக்கு அப்புறம், அதாவது விடியக்காலைல மோசமா இருக்கும், அரை மணி நேரத்துக்கு மேல விறைப்பு நிக்கும், அசைய அசைய இளகும். சின்ன மூட்டுகள்ல, ரெண்டு பக்கமும், வீக்கத்தோட சில வாரமா இருந்தா, வலி மாத்திரை வாங்கிப் போட்டுட்டு உட்காராதீங்க. மூட்டு எலும்பு அரிக்கிறது முதல் ரெண்டு வருஷத்துலயே ஆரம்பிச்சுடும். ஆரம்ப மாசங்கள்ல மருந்து தொடங்கினா அந்த அரிப்பைப் பெருமளவு நிறுத்தலாம். அவங்க இழந்த 11 மாசம் அந்தக் கணக்குல வருது.

இதுக்கு எதிர் முனையிலயும் ஒரு தப்பு நடக்குது. முழு உடல் பரிசோதனை பேக்கேஜ்ல ஏ.என்.ஏ. டெஸ்டையும் சேர்த்து எடுத்துட்டு, பாசிட்டிவ்னு வந்ததும் ராத்திரி முழுக்க கூகுள் பண்ணி அழுறவங்க இருக்காங்க. நமக்குப் பிடிச்ச கணக்கு இது, போட்டுப் பார்ப்போம். நல்லா இருக்கிற ஆயிரம் பேருக்கு ஏ.என்.ஏ. எடுத்தா, 1:160ங்கிற அளவுலயே ஏறக்குறைய 50 பேருக்குப் பாசிட்டிவ் வரும். ஆயிரத்துல லூபஸ் இருக்கிறவங்க ஒருத்தர் கூட இருக்க மாட்டாங்க. அப்போ அந்த 50 பேர்ல கிட்டத்தட்ட எல்லாருமே ஃபால்ஸ் அலாரம். அதே டெஸ்ட், கன்னத்துல பட்டாம்பூச்சி மாதிரி சிவப்பு, மூட்டு வீக்கம், முடி கொட்டறது, சிறுநீர்ல நுரைன்னு வந்த ஒருத்தருக்கு எடுத்தா, அர்த்தமே வேற. அறிகுறி முதல்ல, டெஸ்ட் அப்புறம். சும்மா எடுக்காதீங்க.

மருந்து: பயமும் உண்மையும்

1948ல அமெரிக்காவோட மேயோ கிளினிக்ல, முடக்குவாதத்தால நடக்க முடியாம கிடந்த 29 வயசுப் பெண்ணுக்கு ஃபிலிப் ஹென்ச் கார்ட்டிசோன் ஊசி போட்டார். சில நாள்ல எழுந்து நடந்தாங்க. 1950ல நோபல். அதுக்கப்புறம்தான் விலை தெரிஞ்சுது. முகம் வீங்குறது, சர்க்கரை ஏறுறது, எலும்பு மெலியறது. ஸ்டீராய்டு தீ அணைக்கிற வண்டி. தீ பிடிச்சா கண்டிப்பா வேணும், ஆனா தினமும் வாசல்ல நிறுத்தி வைக்க முடியாது. மெடிக்கல் ஷாப்ல சீட்டு இல்லாம வாங்கிச் சாப்பிடுறது ஒரு ஆபத்து. ரொம்ப நாள் சாப்பிட்டுட்டு திடீர்னு நிறுத்துறது அதைவிட ஆபத்து. ஏன்னா நம்ம சொந்த சுரப்பி அதுக்குள்ள தூங்கிப் போயிருக்கும். படிப்படியாத்தான் குறைக்கணும்.

முடக்குவாதத்துக்கு அடிப்படை மருந்து மெத்தோட்ரெக்சேட். வாரத்துக்கு ஒரே ஒரு நாள். திரும்பச் சொல்றேன், வாரத்துக்கு ஒரு நாள். தினமும்னு தப்பாப் புரிஞ்சுட்டுச் சாப்பிட்டா உயிருக்கே ஆபத்து. வீட்டுல பெரியவங்க யாராவது இதைச் சாப்பிட்டா, எந்த நாள்னு காலண்டர்ல எழுதி வைங்க. கர்ப்பத்துக்குத் திட்டமிடுறவங்க முன்கூட்டியே டாக்டர்கிட்ட சொல்லி மாத்தணும். லூபஸ்ல ஹைட்ராக்ஸிகுளோரோகுயின். ஆமா, 2020ல கோவிட்டுக்குன்னு எல்லாரும் ஓடிப்போய் வாங்கினதே அதுதான். அப்போ பல நாடுகள்ல லூபஸ் நோயாளிகள் தங்களோட தினசரி மாத்திரை கிடைக்காம திண்டாடினாங்க.

அடுத்தது பயாலஜிக்ஸ். டி.என்.எஃப்.ங்கிற ஒரே ஒரு ரசாயனத்தைக் குறிவெச்சுத் தடுக்கிற அடாலிமுமாப் 2002 கடைசியில அமெரிக்காவுல வந்துச்சு. அதோட விலை குறைஞ்ச வடிவத்தை உலகத்துலயே முதல்ல 2014ல கொண்டு வந்தது அகமதாபாத்தோட சைடஸ் காடிலா. நம்ம ஊர்ல இதைத் தொடங்குறதுக்கு முன்னாடி காசநோய் டெஸ்ட் எடுக்கச் சொல்வாங்க. ஏன்னா உடம்புல தூங்கிட்டு இருக்கிற காசநோய்க் கிருமியைக் காவல் காக்கிறதே அந்த டி.என்.எஃப்.தான். டாக்டர் வீணா டெஸ்ட் எழுதுறார்னு நினைக்காதீங்க.

நம்பிக்கை தர்ற ஒண்ணு சொல்றேன். ஜெர்மனியோட எர்லாங்கன் பல்கலைக்கழகத்துல, எந்த மருந்துக்கும் அடங்காத லூபஸ் இருந்த 5 பேருக்கு கார்-டி செல் சிகிச்சை கொடுத்தாங்க, 2022ல முடிவு வெளியாச்சு. அவங்களோட சொந்த டி செல்லை எடுத்து, மாத்தி, பி செல்களை முழுசா துடைக்கச் சொல்லி திரும்ப உள்ள விட்டாங்க. சில மாசத்துல புது பி செல்கள் திரும்ப வந்துச்சு, ஆனா நோய் திரும்ப வரல, மருந்தும் தேவைப்படல. இன்னும் ஆராய்ச்சி நிலைதான், செலவும் ஆபத்தும் அதிகம். ஆனா 'வாழ்நாள் முழுக்க'ங்கிற வார்த்தை முதல் தடவையா ஆட்டம் கண்டிருக்கு.

இம்யூனிட்டி பூஸ்டர்

இப்போ அந்த மூணாவது கேள்விக்கு வருவோம். எதிர்ப்பு சக்தியைக் கூட்டினா இது சரியாகுமா?

பிரேக் பிடிக்காத வண்டிக்கு யாராவது ஆக்சிலரேட்டரை மிதிப்பாங்களா? கோவிட் நேரத்துல வீட்டுக்கு வீடு சீந்தில் மாத்திரை, கஷாயம்னு போச்சு. 2021ல மும்பை டாக்டர்கள் சீந்தில் எடுத்துட்டு கல்லீரல் பாதிப்போட வந்த 6 பேரைப் பத்தி எழுதினாங்க. அது தன்னுடல் தாக்கு வகைக் கல்லீரல் அழற்சி மாதிரி இருந்துச்சு. ஆயுஷ் அமைச்சகம் அதை ஏத்துக்கல. அடுத்த வருஷம் நாட்டோட பல மருத்துவமனைகள் சேர்ந்து அதே மாதிரி 43 பேரைப் பதிவு பண்ணினாங்க. சித்த மருத்துவத்தைக் குறை சொல்றதுக்காக இதைச் சொல்லல. உங்களுக்கோ வீட்டுல யாருக்கோ ஏற்கனவே இந்த வகை நோய் இருந்தா, வாட்ஸ்அப்ல வந்த 'பூஸ்டர்' எதையும் டாக்டர்கிட்ட சொல்லாம எடுக்காதீங்கன்னு சொல்றேன்.

இதைவிடப் பெரிய ஆபத்து, "90 நாள்ல வேரோடு குணம், முதல்ல இங்கிலீஷ் மருந்தை நிறுத்துங்க"ன்னு சொல்ற விளம்பரம். முடக்குவாதக்காரர் நிறுத்தினா மூட்டு போகும். லூபஸ்காரர் நிறுத்தினா சிறுநீரகம் போகலாம். டைப் 1 சர்க்கரை இருக்கிற குழந்தைக்கு இன்சுலினை நிறுத்தினா சில நாள்லயே உயிர் போயிடும். இதுல விட்டுக்கொடுக்க இடமே இல்ல.

கூட இருக்கிறவங்களுக்கு

என் தோழி கதையோட மீதி. மருந்து தொடங்கி நாலு மாசத்துல விரல் மடங்க ஆரம்பிச்சுது. இப்போ முழு நேர வேலை, சில நாள் களைப்பு வந்தா காலை மீட்டிங்கை மதியத்துக்கு மாத்திக்கிறோம். அவ்வளவுதான் தேவைப்பட்டுச்சு. வீட்டுல வரன் பார்க்கிறப்போ "மாத்திரை சாப்பிடுறதை மட்டும் சொல்லாதம்மா"ன்னு சொல்லியிருக்காங்க. இவங்க சொல்லிட்டாங்க. ஒரு சம்பந்தம் நின்னு போச்சு. "மாத்திரையை ஒளிச்சு வெச்சுச் சாப்பிட வேண்டிய வீட்டுக்கு நான் எதுக்குப் போகணும்?"னு என்கிட்ட கேட்டாங்க. எனக்குப் பதில் சொல்லத் தெரியல. ஒளிச்சு வைக்கிற மாத்திரை தவறிப் போகும், தவறினா நோய் திரும்பும். அது மட்டும் தெரியும். முடக்குவாதமோ லூபஸோ இருக்கிற பெண்கள்ல நிறைய பேர், நோய் அடங்கியிருக்கிற நேரமா பார்த்து, டாக்டரோட திட்டமிட்டு ஆரோக்கியமா குழந்தை பெத்துக்கிறாங்க. அதையும் அந்த வீடுகளுக்கு யாராவது சொல்லணும்.

உங்க ஃப்ரெண்டுக்கு இது இருந்தா, "யோகா ட்ரை பண்ணியா?"ன்னு ஆரம்பிக்காதீங்க. "இன்னைக்கு எப்படி இருக்கு?"ன்னு கேளுங்க. இன்னைக்குங்கிற வார்த்தை முக்கியம், ஏன்னா இந்த நோய் நாளுக்கு நாள் மாறும். டாக்டர்கிட்ட கூடப் போறதா இருந்தா, எந்த அறிகுறி எப்போ தொடங்குச்சுன்னு தேதியோட போன்ல எழுதி எடுத்துட்டுப் போங்க. வீக்கம், தடிப்பு வர்ற அன்னைக்கே போட்டோ எடுத்து வைங்க, டாக்டரைப் பார்க்கிற அன்னைக்கு அது மறைஞ்சிருக்கும். நம்ம பாஷைல லாக் இல்லாம பக் ரிப்போர்ட் பண்ணாதீங்க.

எபிசோட் இவ்வளவுதான். காலைல விரல் மடங்கலைன்னு சொல்லிட்டு இருக்கிற யாராவது உங்களுக்கு ஞாபகம் வந்தா, இந்த லிங்க்கை அவங்களுக்கு அனுப்புங்க. அனுப்பிட்டு ஒரு போனும் பண்ணிடுங்க. அடுத்த எபிசோட்ல சந்திப்போம்.